கைப்பேசிக்குள் வந்த கத்தரிக்கோல்



கிள்ளானில் நான் பணியாற்றும் தமிழ்ப்பள்ளியில், கடந்த ஆண்டு ஐந்தாம் ஆண்டு மாணவர்களுக்கு ஓர் இடுபணி கொடுத்திருந்தேன். வீட்டிலுள்ள மூத்தவர் ஒருவரைப் பேசவைத்துக் கைப்பேசியில் பதிவு செய்து, ஒரு நிமிடக் காணொளியாகத் தொகுத்துக் கொண்டுவர வேண்டும். மாணவன் ஒருவன் தன் பாட்டியைப் படம் பிடித்து வந்திருந்தான். காணொளி பளபளவென்று இருந்தது. இசையின் தாளத்திற்கேற்பக் காட்சிகள் மாறின; எழுத்துகள் பறந்து வந்து அமர்ந்தன; பாட்டியின் முகத்தைச் சுற்றி நட்சத்திரங்கள் மின்னின. ஆனால் பாட்டி பேசியதில் ஒரு சொல்கூடக் கேட்கவில்லை!

விசாரித்தபோது உண்மை தெரிந்தது. செயலியில் இருந்த ஆயத்த வார்ப்புரு ஒன்றைத் தேர்ந்தெடுத்து, பதிவை அதனுள் போட்டிருக்கிறான். மற்ற அனைத்தையும் செயலியே பார்த்துக்கொண்டது. பாட்டியிடம் காட்டினாயா என்று கேட்டேன். "காட்டினேன் சார். நல்லாத்தான் இருக்குய்யா, நான் பேசுனது எங்கன்னு கேட்டாங்க" என்றான்.

இதே கேள்வியை ஏறத்தாழ இருபது ஆண்டுகளுக்கு முன்பு வேறொருவர் என்னிடம் கேட்டிருக்கிறார். அதைப் பின்னர்ச் சொல்கிறேன். நம் பிள்ளைகளின் கையில் இன்று சர்வ சாதாரணமாகப் புழங்கும் காணொளித் தொகுப்புச் செயலிகள் எங்கிருந்து வந்தன, எப்படி வளர்ந்தன என்ற வரலாற்றை நாம் அறிந்துகொண்டால், அந்தக் கேள்விக்கு விடை சொல்வது எளிதாகும். அதற்காகவே இக்கட்டுரை.

கைப்பேசிக்கு முன்

தொகுப்பு என்பது எடுத்த காட்சிகளில் வேண்டியதை வைத்துக்கொண்டு, வேண்டாததை நீக்கி, எஞ்சியதை வரிசைப்படுத்தி இணைக்கும் பணி. கட்டுரை எழுதும் மாணவன் கருத்துகளைத் திரட்டி, வரிசைப்படுத்தி, பத்தி பிரிப்பதற்கும் இதற்கும் வேறுபாடு அதிகமில்லை. படச்சுருள் காலத்தில் இதனைச் சுருளை வெட்டி ஒட்டிச் செய்தார்கள். ஒளிநாடாக் காலத்தில் இரண்டு பதிவுப்பொறிகளை இணைத்து, ஒன்றிலிருந்து மற்றொன்றுக்குத் தேவையான பகுதிகளை மட்டும் படியெடுத்தார்கள். பிரிக்பீல்ட்சிலும் கிள்ளானிலும் திருமணப் படம் எடுப்போரிடம் நம் வீட்டு விசேஷங்களை ஒப்படைத்துவிட்டு, வாரக்கணக்கில் காத்திருந்து ஒளிநாடாவை வாங்கி வந்த அனுபவம் பலருக்கும் இருக்கும். எதை வைப்பது, எதை வெட்டுவது என்ற முடிவு அக்காலத்தில் நம் கையில் இல்லை.

கணினி அந்த முடிவை வீட்டுக்குள் கொண்டுவந்தது. ஆப்பிள் நிறுவனம் 1999-இல் ஐமூவி மென்பொருளையும், மைக்ரோசாப்ட் நிறுவனம் 2000-இல் விண்டோஸ் எம்.இ. இயங்குதளத்துடன் மூவி மேக்கர் மென்பொருளையும் வெளியிட்டன. நம் நாட்டில் 2003-ஆம் ஆண்டு கணிதத்தையும் அறிவியலையும் ஆங்கிலத்தில் கற்பிக்கும் திட்டம் தொடங்கியபோது, ஆசிரியர்களுக்கு மடிக்கணினிகளும் ஒளிபடக் காட்டிகளும் வழங்கப்பட்டன. அத்திட்டத்தைப் பற்றித் தமிழ்ப்பள்ளி ஆசிரியர்களிடையே பல கருத்துகள் இருந்தன. அவை வேறொரு கட்டுரைக்கு உரியவை. ஆனால், ஆசிரியர் பயிற்சி முடித்துப் புதிதாகப் பணியில் சேர்ந்திருந்த என்னைப் போன்றோர் பலர் முதன்முதலாக ஒரு காணொளியை வெட்டி ஒட்டிப் பார்த்தது அத்தகைய மடிக்கணினிகளில்தான். அதற்குப் படக்கருவி வேண்டும், இணைப்புக் கம்பி வேண்டும், பொறுமையும் வேண்டும்.

பத்து வினாடிப் படம்

2002-இல் விற்பனைக்கு வந்த நோக்கியா 7650, படக்கருவியைத் தன்னுள்ளேயே கொண்ட முதல் நோக்கியா கைப்பேசி. அடுத்து 2003-இல் வந்த 3650, 6600 ஆகிய கைப்பேசிகளில் காணொளிப் பதிவு வசதியும் சேர்ந்தே வந்தது. 6600-ஐக் கோலாலம்பூரில் அக்காலத்தில் வாழ்ந்த எவரும் மறந்திருக்க மாட்டார்கள். லோயாட் பிளாசாவின் கடைகளில் அதைக் கண்ணாடிப் பேழைக்குள் பார்த்துப் பெருமூச்சு விட்டவர்களில் நானும் ஒருவன்.

அதன் காணொளி எப்படியிருந்தது தெரியுமா? அகலம் 176 புள்ளி, உயரம் 144 புள்ளி. நீளம் ஏறத்தாழ பத்து வினாடி. ஏன் பத்து வினாடி? பல்லூடகச் செய்தியாக அடுத்தவருக்கு அனுப்பும் அளவுக்குள் அடங்க வேண்டும் என்பதற்காக, ஒரு பதிவு சுமார் 95 கிலோபைட்டுக்கு மேல் போகாதபடி வரம்பு வைத்திருந்தார்கள். கைப்பேசியின் சொந்த நினைவகம் 6 மெகாபைட். பெட்டியோடு வந்த நினைவட்டை 32 மெகாபைட். இன்று மாணவர்கள் அனுப்பும் ஒரே ஒரு காணொளி இவ்விரண்டையும் நிரப்பிவிடும்.

இத்தகைய கருவியில் தொகுப்பது ஏன் கடினமாக இருந்தது என்பதையும் சொல்ல வேண்டும். காணொளியில் ஒவ்வொரு படச்சட்டமும் முழுமையாகச் சேமிக்கப்படுவதில்லை. முதலில் ஒரு முழுப்படம் இருக்கும். அதனைத் தொடர்ந்து, முந்திய படத்திலிருந்து என்ன மாறியது என்ற குறிப்புகள் மட்டுமே இருக்கும். ஆகவே, நடுவில் ஓரிடத்தில் வெட்ட வேண்டுமானால், முந்திய முழுப்படத்திலிருந்து எல்லா மாற்றங்களையும் கணக்கிட்டு, வெட்டிய இடத்தில் புதிய முழுப்படம் ஒன்றை உருவாக்க வேண்டும். 6600-இன் மையச் செயலகத்தின் வேகம் 104 மெகாஹெர்ட்ஸ். அதற்கு இது பெரும் சுமை. கதையின் நடுப்பக்கத்திலிருந்து படிக்கத் தொடங்கும் மாணவனுக்கு முன்கதையை முழுவதும் சொல்லிப் புரியவைப்பது போன்ற வேலை!

சிங்கப்பூரிலிருந்து வந்த தானியங்கித் தொகுப்பாளர்

கைப்பேசித் தொகுப்பின் தொடக்க வரலாற்றில் நம் அண்டை நாட்டுக்கு ஒரு முக்கிய இடம் உண்டு என்பதைப் பலர் அறியார். சிங்கப்பூரில் கெண்ட் ரிட்ஜ் டிஜிட்டல் லேப்ஸ் என்ற ஆய்வுக்கூடம் இருந்தது. அதிலிருந்து பிரிந்து, டெரன்ஸ் சுவீ, பீட் கெலாக் ஆகிய இருவரும் 2001-இல் மியூவீ டெக்னாலஜிஸ் என்ற நிறுவனத்தைத் தொடங்கினார்கள். பெரும்பாலோர் காணொளி எடுக்கிறார்கள், ஆனால் தொகுக்க நேரமும் பயிற்சியும் இல்லாமல் அப்படியே போட்டுவிடுகிறார்கள். அந்த வேலையைக் கணினியே செய்தால் என்ன? இதுவே அவர்களின் எண்ணம். அவர்களின் மென்பொருள் காணொளியையும் இசையையும் ஆராய்ந்து, காட்சிகளைத் தானே தேர்ந்தெடுத்து, தாளத்திற்கேற்ப வெட்டி இணைத்தது.

கணினிக்காக எழுந்த அந்த நுட்பம் விரைவில் கைப்பேசிக்குள் நுழைந்தது. 2004-இல் வெளிவந்த நோக்கியா 7610 கைப்பேசியில் 'மூவி டைரக்டர்' என்ற பெயரில் இவ்வசதி இருந்தது. பதிவுகளைக் காட்டி, விரும்பிய பாணியைத் தேர்ந்தெடுத்தால் போதும். சற்று நேரத்தில் இசையோடு கூடிய குறும்படம் ஆயத்தமாகிவிடும். இன்றைய வார்ப்புருக்களின் முன்னோடி என்று இதனைத் தாராளமாகச் சொல்லலாம். பிரிட்டனோ அமெரிக்காவோ அன்று. ஜொகூர் நீரிணைக்கு அப்பால் பிறந்த முன்னோடி!

அக்காலத்தில் எங்கள் வட்டாரத்தில் மூத்த ஆசிரியர் ஒருவர் பணி ஓய்வு பெற்றார். அவருடைய பிரியாவிடையை நண்பர் ஒருவர், தானியங்கித் தொகுப்பு வசதி கொண்ட ஒரு கைப்பேசியில் பதிவு செய்தார். நாங்கள் சிலர் சேர்ந்து ஒரு பாணியைத் தேர்ந்தெடுத்து, பொத்தானை அழுத்திப் படமாக்கி மகிழ்ந்தோம். நினைவட்டை நிறைந்துவிட்டதால் மூலப் பதிவுகளை அங்கேயே அழித்தும் விட்டோம். சில நாட்கள் கழித்து ஐயாவிடம் காட்டியபோது, மாலையும் கைதட்டலும் புன்னகையும் வந்தன. அவருடைய ஏற்புரை வரவில்லை. அந்த இடத்தில் இசைதான் ஒலித்தது. "தம்பி, நான் பேசுனதெல்லாம் எங்க?" என்று கேட்டார். எங்களிடம் பதில் இல்லை. பிழை கருவியினுடையதன்று. சொன்ன வேலையை அது செய்தது. ஐயாவின் சொற்கள் முக்கியம் என்று அதனிடம் எவரும் சொல்லவில்லை. மூலத்தை அழித்தவர்களும் நாங்களே.

ஐயா இன்று நம்மிடையே இல்லை. அவ்வுரையும் இல்லை.

கையால் வெட்டும் வழி

தானியங்கி வழிக்கு இணையாக இன்னொரு வழியும் அதே காலத்தில் வளர்ந்தது. 2005 முதல் வந்த நோக்கியா என் வரிசைக் கைப்பேசிகளில் எளிய தொகுப்பான் ஒன்று இருந்தது. காணொளியின் முன்பின் பகுதிகளை வெட்டலாம். இரண்டு பதிவுகளை இணைக்கலாம். இசையும் எழுத்தும் சேர்க்கலாம். மெக்சிஸ், செல்கோம் நிறுவனங்கள் மலேசியாவில் 3ஜி சேவையைத் தொடங்கியதும் அதே 2005-இல்தான். 2006-இல் வந்த என்93 கைப்பேசி, 640-க்கு 480 புள்ளி அளவில் வினாடிக்கு 30 படச்சட்டங்களைப் பதிவு செய்தது. படத்தின் தரம் உயர்ந்துவிட்டது. ஆனால் தொகுப்பதற்கு இருந்தவை பொத்தான்கள்தாமே? வெட்ட வேண்டிய இடத்தைக் கண்டுபிடிக்க, பொத்தானை அழுத்தி, நிறுத்தி, மீண்டும் அழுத்தி, கட்டைவிரல் வலிக்கும் வரை போராட வேண்டும்.

தொடுதிரை இந்நிலையை மாற்றியது. 2007-இல் வந்த முதல் ஐபோனில் காணொளிப் பதிவு வசதியே இல்லை. 2009 ஜூன் மாதம் வந்த ஐபோன் 3ஜி.எஸ்.தான் அதனைக் கொண்டுவந்தது. கூடவே ஒரு சிறிய வசதியும் வந்தது. பதிவின் படச்சட்டங்கள் ஒரு பட்டையாகத் திரையில் தோன்றும். அதன் இரு முனைகளையும் விரலால் இழுத்து வேண்டிய பகுதியை மட்டும் வைத்துக்கொள்ளலாம். ஏழு வயதுக் குழந்தைக்கும் விளங்கும் செயல் இது. கவனிக்க வேண்டிய செய்தி ஒன்றுண்டு. தொடக்கத்தில் அவ்வாறு வெட்டினால், வெட்டிய பகுதி போனது போனதுதான். அதே ஆண்டு செப்டம்பரில் வந்த 3.1 பதிப்பில்தான், மூலத்தை அப்படியே வைத்துக்கொண்டு வெட்டியதைப் புதிய துண்டாகச் சேமிக்கும் தேர்வு சேர்க்கப்பட்டது. மூலப் பதிவைக் காப்பது எத்துணை முக்கியம் என்பதைச் செயலி செய்தவர்களும் சற்றுப் பிந்தியே உணர்ந்தார்கள் போலும்!

2009-இன் இறுதியில் நெக்ஸ்வியோ நிறுவனத்தின் ரீல்டைரக்டர் செயலி, பல துண்டுகளை ஐபோனிலேயே வரிசைப்படுத்தி இணைக்க வழிசெய்தது. 2010 ஜூனில் ஐபோன் 4 வந்தபோது, ஆப்பிள் தன் ஐமூவியைக் கைப்பேசிக்குக் கொண்டுவந்து 4.99 டாலருக்கு விற்றது. கணினியில் பிறந்து பதினோர் ஆண்டுகளில் அம்மென்பொருள் சட்டைப் பைக்குள் வந்து சேர்ந்தது.

எளியோர் கைக்கு வந்தபோது

ஆனால் ஐபோன் எத்தனை பெற்றோரிடம் இருந்தது? எங்கள் பள்ளியில் விரல்விட்டு எண்ணிவிடலாம். பெரும்பாலோர் கையில் இருந்தவை விலை குறைந்த ஆண்டிராய்டு கைப்பேசிகள். அங்கே தொகுப்புச் செயலிகள் வரத் தாமதமாயிற்று. 2011-இல் வந்த ஆண்டிராய்டு 3.0 பதிப்பில் கூகுள் நிறுவனம் மூவி ஸ்டூடியோ என்ற தொகுப்பானைச் சேர்த்தது உண்மையே; அப்பதிப்பு பலகைக் கணினிகளுக்கானது.

தாமதத்திற்குக் காரணம் இருந்தது. ஐபோனைச் செய்வது ஒரே நிறுவனம். ஆண்டிராய்டையோ பல நிறுவனங்கள் பலவகைச் சில்லுகளைக் கொண்டு செய்தன. காணொளியைப் பிரித்து, மாற்றி, மீண்டும் சுருக்கும் பணியைச் செயலி எழுதுவோர் ஒவ்வொரு சில்லுக்கும் தனித்தனியே ஏற்பாடு செய்வது எளிதாகுமா? 2012-இல் வந்த 4.1 பதிப்பும், 2013-இல் வந்த 4.3 பதிப்பும் இதற்கான பொதுவழிகளைத் திறந்துவிட்டன. 2013 டிசம்பர் இறுதியில், தென்கொரியாவின் நெக்ஸ்ஸ்டிரீமிங் நிறுவனம் கைன்மாஸ்டர் செயலியை வெளியிட்டது. காட்சியின்மேல் எழுத்தையும் படத்தையும் அடுக்கடுக்காக வைக்கும் வசதி, கணினியில் மட்டுமே கண்டிருந்த ஒன்று, ஆண்டிராய்டு கைப்பேசிக்கு வந்தது. இலவசமாகப் பயன்படுத்தினால் மூலையில் செயலியின் பெயர் தெரியும். எங்கள் பள்ளிக் காணொளிகள் பலவற்றில் அப்பெயர் பல ஆண்டுகள் வீற்றிருந்தது!

அதே 2013-இல் ஜனவரியில் வைன் செயலி ஆறு வினாடிக் காணொளியையும், ஜூனில் இன்ஸ்டாகிராம் பதினைந்து வினாடிக் காணொளியையும் கொண்டுவந்தன. திரையை அழுத்தினால் பதிவாகும், விரலை எடுத்தால் நிற்கும். மீண்டும் அழுத்தினால் அடுத்த காட்சி தொடரும். எடுக்கும்போதே தொகுப்பும் நடந்துவிடுகிறது. அன்று கருவியின் இயலாமையால் பத்து வினாடியாக இருந்தது, இப்போது விரும்பி ஏற்ற அளவாக ஆறாகச் சுருங்கியது.

தமிழ் எழுத்து நுழைந்த கதை

இந்த வரலாற்றை எந்த மொழியினரும் எழுதலாம். நமக்கென்று ஒரு கிளைக்கதை உண்டு. தொகுத்த காணொளிக்குத் தலைப்பைத் தமிழில் எப்படி எழுதுவது?

கைப்பேசியில் தமிழ் என்றாலே நம் நாட்டவரான முத்து நெடுமாறன் அவர்களை நினைக்காமல் இருக்க முடியாது. முரசு அஞ்சல் வழியாகக் கணினியில் தமிழைப் பரப்பிய அவர் உருவாக்கிய செல்லினம், 2005-இல் தைப்பொங்கலையொட்டிச் சிங்கப்பூரில் வெளியீடு கண்டது. கைப்பேசியில் தமிழிலேயே குறுஞ்செய்தி எழுத அது வழி திறந்தது. பின்னர் ஐபோனுக்கும் ஆண்டிராய்டுக்கும் அது வந்தது. 2013-இல் வந்த ஐ.ஓ.எஸ். 7 பதிப்பில் தமிழ் விசைப்பலகை ஐபோனுடன் சேர்ந்தே வந்தது.

எழுத முடிந்தது, ஆனால் காணொளியின்மேல் அது ஒழுங்காகத் தோன்றியதா? இல்லை. அக்காலத்தில் நான் பயன்படுத்திப் பார்த்த சில தொகுப்புச் செயலிகளில் கொம்பும் காலும் இடம் மாறி நின்றன. 'கொ' என்று எழுதினால் கொம்பு ஒரு பக்கமும் ககரம் ஒரு பக்கமுமாகப் பிரிந்து கிடக்கும். தமிழ்ப்பாடக் காணொளியில் எழுத்துப்பிழை இருந்தால் ஆசிரியருக்கு எவ்வளவு வெட்கம்! அதனால் நாங்கள் ஓர் எளிய வழியைக் கையாண்டோம். கரும்பலகையில் சுண்ணக்கட்டியால் தலைப்பை அழகாக எழுதி, அதனையே படம்பிடித்துக் காணொளியின் தொடக்கத்தில் சேர்த்தோம். இயங்குதளங்களில் தமிழ் எழுத்துருக்கள் சீர்பட்ட பிறகே இத்தொல்லை நீங்கியது. இருந்தும், அந்தக் கரும்பலகைத் தலைப்புகள்தாம் இன்றும் என் கண்ணுக்கு அழகாகத் தெரிகின்றன.

மீண்டும் தானியங்கி

2020 மார்ச் 18-ஆம் நாள் நடமாட்டக் கட்டுப்பாட்டு ஆணை நடப்புக்கு வந்தது. பள்ளிகள் மூடப்பட்டன. இல்லிருப்புக் கற்றல் கற்பித்தலுக்காக நாடெங்கும் ஆசிரியர்கள் காணொளி தயாரிக்கத் தொடங்கினர். சமையலறை மேசையில் கைப்பேசியைச் சாய்த்துவைத்துப் பாடம் நடத்தி, பிள்ளைகள் உறங்கிய பிறகு அதே கைப்பேசியில் வெட்டி ஒட்டி, பெற்றோரின் வாட்சாப் குழுவிற்கு அனுப்பிய இரவுகளை எந்த ஆசிரியரும் மறக்க மாட்டார். பதினைந்து ஆண்டுகளுக்கு முன்பு இப்பெருந்தொற்று வந்திருந்தால் என் செய்திருப்போம் என்று எண்ணிப் பார்க்கிறேன்.

அதே ஆண்டில், சீனாவில் ஜியான்யிங் என்ற பெயரில் 2019-இல் தோன்றிய செயலி ஒன்று உலகச் சந்தைக்கு வந்து, பின் கேப்கட் என்று பெயர் பெற்றது. இத்தகைய செயலிகளில் ஆயத்த வார்ப்புருக்கள் பெருகின. படத்தைப் போட்டால் போதும். தேர்வு, வெட்டு, இசை எல்லாம் தாமே நடக்கும். 2004-இல் பொத்தான் கைப்பேசியில் நாம் கண்ட அதே எண்ணம், பன்மடங்கு ஆற்றலோடு திரும்பி வந்திருக்கிறது. ஆக, தானியங்கி வழி, கைவழி ஆகிய இரண்டும் தொடக்கத்திலிருந்தே உடன்பிறப்புகள். ஒன்று நேரத்தை மிச்சப்படுத்துகிறது. மற்றொன்று எது முக்கியம் என்று நம்மைச் சிந்திக்க வைக்கிறது. விளையாட்டுப் போட்டிப் படங்களுக்கு முதல்வழி போதும். பாட்டியின் பேச்சுக்கு அது போதாது.

அந்த மாணவனின் கதையை முடித்துவிடுகிறேன். நல்வாய்ப்பாக, மூலப் பதிவு அவன் தாயாரின் கைப்பேசியில் அழியாமல் இருந்தது. ஏழு நிமிடம். வகுப்பு முடிந்த பிறகு இரண்டு நாள் என்னோடு அமர்ந்து அதனை முழுவதும் கேட்டான். காப்பார்ப் பக்கத்துத் தோட்டத்தில், இருட்டு விலகும் முன்பே பிரட்டுக் களத்திற்குப் போனதையும், மூன்றாம் வகுப்போடு பள்ளியை விட்டதையும் பாட்டி சொல்லிக்கொண்டே வருகிறார். தம் ஆசிரியரின் பெயரைச் சொல்ல வந்து, நினைவு வராமல் சற்று நேரம் மௌனமாக இருக்கிறார். பிறகு பெயர் வந்துவிடுகிறது; சிரிக்கிறார்.

"இந்த இடத்துல ஒன்னும் பேசல சார், வெட்டிடலாமா?" என்று கேட்டான். "நீயே முடிவு செய்யப்பா" என்றேன். மீண்டும் இருமுறை கேட்டான். வெட்டவில்லை. அந்த மௌனத்தோடு சேர்த்து, ஐம்பத்தெட்டு வினாடியில் முடித்தான். இசை சேர்க்கவில்லை.

பெற்றோர்களுக்கும் சக ஆசிரியர்களுக்கும் என் வேண்டுகோள் மூன்று. முதலாவது, பிள்ளை தொகுக்கத் தொடங்கும்முன் மூலப் பதிவை வேறோர் இடத்தில் படியெடுத்து வையுங்கள். இரண்டாவது, பதிவை ஒருமுறையாவது முழுமையாகக் கேட்கச் செய்யுங்கள். மூன்றாவது, முதல் சில காணொளிகளை வார்ப்புரு இன்றிக் கையாலேயே வெட்டப் பழக்குங்கள். ஏன் இதை வைத்தாய், ஏன் அதை நீக்கினாய் என்று கேளுங்கள். அக்கேள்விக்கு விடை சொல்லத் தெரிந்த மாணவனுக்குக் கட்டுரை எழுதவும் வரும்.

இந்த விடுமுறையில் உங்கள் வீட்டுப் பெரியவர் ஒருவரைப் பேசச் சொல்லிப் பதிவு செய்யுங்களேன்.